20 வருடக் கடன் 42 வருடம் ஆகும் கணக்கு: ஒரு வீட்டுக்கடனின் நிகழ்வு ஆய்வு

வீட்டுக்கடன் வாங்கும்போது எல்லோரும் கேட்பது இரண்டே கேள்விதான். வட்டி எவ்வளவு, மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்? இந்த இரண்டுக்கும் பதில் தெரிந்துவிட்டால் கடன் புரிந்துவிட்டதாக நினைத்துக்கொள்கிறோம். எத்தனை மாதம் என்பது மூன்றாவது கேள்வி. அதை யாரும் அழுத்திக் கேட்பதில்லை. விண்ணப்பத்திலேயே 20 வருடம் என்று அச்சடித்திருக்கும்போது கேட்க என்ன இருக்கிறது என்று விட்டுவிடுகிறோம். கீழே வரும் கணக்கு முழுக்க அந்த மூன்றாவது கேள்வியைப் பற்றியது.

முதலில் ஒரு விளக்கம். இதில் வரும் தம்பதி கணக்குக்காக உருவாக்கப்பட்டவர்கள். ரெப்போ விகிதம் (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி குறுகிய காலக் கடன் தரும் வட்டி) மாறிய தேதிகள், ரிசர்வ் வங்கியின் விதிகள், பதிவுக் கட்டணங்கள் எல்லாம் நடப்பில் இருந்தவை. மிதக்கும் வட்டியில், அதாவது சந்தை விகிதத்தோடு ஏறி இறங்கும் வட்டியில், 2021 வாக்கில் கடன் வாங்கியவர்கள் தங்கள் ஸ்டேட்மென்ட்டை எடுத்துப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படித்தால் நிறைய ஒத்துப்போகும்.

கடன் வாங்கிய நாள்

2021 ஏப்ரல். கணவன், மனைவி இருவருக்கும் 30 வயது, இருவரும் சம்பளக்காரர்கள். தாம்பரம் பக்கம் 62 லட்ச ரூபாய்க்கு ஒரு பழைய தனி வீடு பேசி முடிக்கிறார்கள். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான வீட்டுக்கடனில், வீட்டு மதிப்பில் 80 சதவீதம் வரைதான் வங்கி கொடுக்கலாம் என்பது ரிசர்வ் வங்கி வைத்திருக்கும் வரம்பு. இவர்களுக்கு வீட்டுக்காக 48.5 லட்சம் கிடைக்கிறது. மீதி 13.5 லட்சம் கையிலிருந்து போக வேண்டும்.

அதோடு நிற்கவில்லை. அப்போது தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 4 சதவீதம். (பதிவுக் கட்டணம் 2 சதவீதமாகக் குறைந்தது 2023 ஏப்ரலில். ஆனால் அதே கையோடு வழிகாட்டி மதிப்பை, அதாவது பதிவுக்காக அரசு வைக்கும் சொத்து மதிப்பை, உயர்த்திவிட்டார்கள்.) 62 லட்சத்துக்கு 11 சதவீதம் என்றால் 6 லட்சத்து 82 ஆயிரம். இந்த அளவு வீட்டுக்கு முத்திரைத் தீர்வையையும் பதிவுச் செலவையும் வீட்டு மதிப்பில் சேர்த்துக் கடன் தர முடியாது. ஆக, கைப்பணமாக 20 லட்சத்து 32 ஆயிரம் வேண்டும். சேமிப்பு 16 லட்சம் சொச்சம் இருந்தது. மீதி 4 லட்சத்துக்கு மனைவியின் நகைகள் அடகுக்குப் போயின. வீட்டுக்கடனின் அடக்கவிலையை யார் கணக்குப் போட்டாலும் இந்த நகைக்கடனை விட்டுவிடுகிறார்கள். அது வேறு கிளையில், வேறு வட்டியில், வேறு பாஸ்புக்கில் கிடக்கிறது, அவ்வளவுதான். அதுவும் இந்த வீட்டின் கடன்தான்.

பிராசஸிங் கட்டணம், வழக்கறிஞர் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், மூலப்பத்திரத்தை ஒப்படைப்பதற்கான எம்ஓடி பதிவு என்று சில்லறைச் செலவுகளும் உண்டு. அவை கண்ணில் படுகிறவை, ஒருமுறை கட்டினால் முடிந்தது. அவற்றைப் பற்றி இங்கே அதிகம் பேசப்போவதில்லை.

கண்ணில் படாத ஒன்று உண்டு. கடன் காப்பீடு. ஒரே தவணைப் பிரீமியம் ஒன்றரை லட்சம். "கையிலேர்ந்து கட்ட வேணாம் சார், லோன்லயே சேர்த்துடலாம்" என்றார்கள். சேர்த்துவிட்டார்கள். கடன் 48.5 லட்சத்திலிருந்து 50 லட்சம் ஆனது. கடன் திட்டமிட்டபடியே போனாலும் அந்த ஒன்றரை லட்சத்துக்கு 20 வருடத்தில் இவர்கள் கட்டப்போவது 2 லட்சத்து 74 ஆயிரம். காப்பீடே வேண்டாம் என்று சொல்லவில்லை. இருவர் சம்பளத்தை நம்பி எடுக்கும் கடனுக்கு அது அவசியம். தனியாக டெர்ம் பாலிசி எடுத்து வருடா வருடம் பிரீமியம் கட்டியிருந்தால், காப்பீட்டுக்கு வட்டி கட்டும் வேலை இருந்திருக்காது. வங்கியை மாற்றும்போது பாலிசி என்ன ஆகுமோ என்ற கவலையும் இருந்திருக்காது.

50 லட்சம், 6.75 சதவீதம், 240 மாதம்

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மிதக்கும் வட்டி வீட்டுக்கடன்களை வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. பெரும்பாலான வங்கிகள் ரெப்போ விகிதத்தை எடுத்துக்கொண்டன. ரெப்போவுக்கு மேல் ஒரு ஸ்ப்ரெட், அதாவது வங்கி தன் பங்குக்குச் சேர்க்கும் சதவீதம். மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது விகிதத்தைச் சரிபார்த்து மாற்ற வேண்டும்.

2020 மே 22 அன்று ரெப்போ 4 சதவீதத்துக்கு இறங்கியது. இரண்டு வருடம் அங்கேயே இருந்தது. நம் தம்பதியின் ஸ்ப்ரெட் 2.75. ஆக 6.75 சதவீதம். இஎம்ஐ, அதாவது மாதத் தவணை, 38,018 ரூபாய். 240 மாதத்துக்கு மொத்தம் 91 லட்சத்து 24 ஆயிரம். அதில் வட்டி 41 லட்சத்து 24 ஆயிரம்.

இந்த எண்ணைப் பார்த்து யாரும் மலைப்பதில்லை. 50 லட்சம் வாங்கி 41 லட்சம் வட்டி, 20 வருடத்துக்கு. நியாயமாகத்தான் படுகிறது. ஆனால் பணம் எந்த வரிசையில் போகிறது என்று பார்க்க வேண்டும். முதல் தவணையான 38,018-ல் வட்டி 28,125. அசலுக்குப் போனது 9,893. தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போக ஆரம்பிப்பது கிட்டத்தட்ட பத்தாவது வருட முடிவில். 50 லட்சம் 25 லட்சமாகக் குறைவது 158-வது மாதத்தில், அதாவது 13 வருடம் கழித்து. பாதிக் காலம் போனால் பாதிக் கடன் அடைந்திருக்கும் என்று மனசு போடும் கணக்கு இங்கே செல்லாது.

இதில் ஏமாற்று எதுவும் இல்லை. நிலுவையில் இருக்கும் அசலுக்கு மாத வட்டி. அதுபோக மீதி அசலில் கழிவு. முதலில் அசல் பெரிதாக இருப்பதால் வட்டி பெரிது. அவ்வளவே. ஆனால் இந்த அமைப்புக்கு ஒரு பலவீனம் உண்டு. முதல் வருடங்களில் அசலுக்குப் போகும் பங்கு மிகச் சிறியது. வட்டி கொஞ்சம் ஏறினாலும் அந்தச் சிறிய பங்கைத்தான் முதலில் தின்கிறது.

2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை

2022 மே 4 அன்று வழக்கமான கூட்டத் தேதிக்குக் காத்திராமல் ரிசர்வ் வங்கி ரெப்போவை 4.40-க்கு ஏற்றியது. ஜூனில் 4.90. ஆகஸ்டில் 5.40. செப்டம்பர் 30-ல் 5.90. டிசம்பரில் 6.25. 2023 பிப்ரவரி 8-ல் 6.50. ஒன்பது மாதத்தில் 2.5 சதவீதப் புள்ளி.

தம்பதியின் கடன் காலாண்டு முதல் தேதியில் சரிசெய்யப்படுவது. 2022 ஜூலையில் 7.65, அக்டோபரில் 8.65, 2023 ஜனவரியில் 9.00, ஏப்ரலில் 9.25. இத்தனை மாற்றத்துக்கும் நடுவில் இஎம்ஐ மட்டும் அசையவில்லை. அதே 38,018. வங்கியிலிருந்து குறுஞ்செய்தி வந்ததா என்றால் வந்தது, விகிதம் மாறியதாக. கணவர் கிளைக்குப் போய்க் கேட்டார். "இஎம்ஐ ஏறாதுங்க சார், பீரியடு மட்டும்தான் கொஞ்சம் கூடும்" என்றார் அதிகாரி. நிம்மதியாகத் திரும்பி வந்தார்.

அந்தக் 'கொஞ்சம்' எவ்வளவு?

2023 ஏப்ரல் 1 அன்று, 24 தவணை கட்டிய பிறகு, நிலுவை 48 லட்சத்து 8 ஆயிரத்து 515 ரூபாய். கட்டியது 9 லட்சத்து 12 ஆயிரம். அசலில் குறைந்தது 1 லட்சத்து 91 ஆயிரம். இனி 9.25 சதவீதத்தில் மாத வட்டி 37,066. இஎம்ஐ 38,018. அசலுக்குப் போவது 952 ரூபாய்.

48 லட்சத்துக் கடனை மாதம் 952 ரூபாயில் அடைக்க ஆரம்பித்தால் எத்தனை நாள் ஆகும்? 480 மாதம். 40 வருடம். ஏற்கனவே கட்டிய இரண்டு வருடத்தையும் சேர்த்தால் 42. கடன் முடியும்போது இருவருக்கும் வயது 72. மொத்தம் கட்டும் தொகை 1 கோடியே 91 லட்சத்தைத் தாண்டும். வட்டி ஏறியது இரண்டரைப் புள்ளி, காலம் இரட்டிப்புக்கும் மேல்.

இன்னும் ஒரு கால் சதவீதம் ஏறி 9.50 ஆகியிருந்தால் மாத வட்டி 38,067. அதாவது இஎம்ஐயை விட 49 ரூபாய் அதிகம். மாதாமாதம் ஒழுங்காகக் கட்டிக்கொண்டே இருப்பார்கள், கடன் மாதாமாதம் வளர்ந்துகொண்டே இருக்கும்.

நடைமுறையில் எந்த வங்கியும் 42 வருடம் விடாது. வயது வரம்பு, அதிகபட்சக் காலம் என்று வைத்திருப்பார்கள். இவர்கள் வங்கியில் உச்சவரம்பு 30 வருடம். எனவே 2023 ஏப்ரலில் வங்கி தானாகவே காலத்தை 360 மாதத்துக்கு நீட்டி, அதற்கும் போதாத அளவுக்கு மட்டும் தவணையை ஏற்றியது. புது இஎம்ஐ 40,104 ரூபாய். 2,086 ரூபாய்தான் அதிகம். சம்பள உயர்வில் அது காணாமல் போய்விட்டது.

இரண்டு வழிகள், ஒரே நிலுவை

இந்த இடத்தில் நின்று கணக்குப் பார்ப்பதுதான் ஆய்வின் மையம். 2023 ஏப்ரலில் இவர்கள் முன் இருந்த வழிகளில் இரண்டை எடுத்துக்கொள்வோம். வட்டி 9.25-லேயே நிற்பதாக வைத்துக்கொள்வோம்.

முதல் வழி, பழைய முடிவுத் தேதியை விடாமல் பிடித்துக்கொள்வது. மீதி 216 மாதம், இஎம்ஐ 45,783. மாதம் 7,765 ரூபாய் கூடுதல். ஆரம்பத்திலிருந்து கட்டிய எல்லாம் சேர்த்து 1 கோடியே 8 லட்சம். அதில் வட்டி 58 லட்சம்.

இரண்டாவது, வங்கி தானாகச் செய்தது. மீதி 336 மாதம், இஎம்ஐ 40,104. மொத்தம் 1 கோடியே 43 லட்சத்து 87 ஆயிரம். வட்டி 93 லட்சத்து 87 ஆயிரம்.

இரண்டு தவணைக்கும் உள்ள வித்தியாசம் மாதம் 5,679 ரூபாய். வட்டியில் வித்தியாசம் கிட்டத்தட்ட 36 லட்சம். கைப்பணத்தையும் சேர்த்தால் 62 லட்ச ரூபாய் வீடு முதல் வழியில் 1 கோடியே 28 லட்சத்துக்கு முடிகிறது, இரண்டாவதில் 1 கோடியே 64 லட்சத்துக்கு. விற்றவர், வீடு, வங்கி எதுவும் மாறவில்லை. வட்டி விகிதம்கூட இரண்டிலும் ஒன்றேதான். மாறியது மாதங்களின் எண்ணிக்கை.

இந்த 36 லட்சத்தைக் காட்டிப் பயமுறுத்துவதோடு பல கட்டுரைகள் நின்றுவிடுகின்றன. அது முழு உண்மை அல்ல. கண்டிப்பாகப் பார்த்தால் இரண்டு வழியிலும் வங்கி வாங்குவது அதே 48 லட்சத்துக்கு அதே 9.25 சதவீதம். இரண்டாவது வழியில் அந்தப் பணம் நம் கையில் அதிக நாள் இருக்கிறது, அதற்கு வாடகை கொடுக்கிறோம். மேலும் 2045-ல் கட்டப்போகும் 40,104 ரூபாய்க்கு இன்றைய 40,104-ன் கனம் இருக்காது. விலைவாசியும் சம்பளமும் ஏறியிருக்கும். இதை மறுப்பவர்கள் கணக்கில் பாதியை மறைக்கிறார்கள்.

ஆனால் அந்த வாதம் ஒரு நிபந்தனையில்தான் நிற்கிறது. மிச்சமான 5,679 ரூபாய் மாதாமாதம் 9.25 சதவீதத்துக்கு மேல், அதுவும் வரி போக, சம்பாதிக்கும் இடத்தில் போய் உட்கார வேண்டும். பிபிஎஃப் வட்டி 2020 ஏப்ரல் முதல் 7.1 சதவீதம். அதில் போட்டால் நஷ்டம். வைப்புநிதியில் போட்டு வரியும் கட்டினால் இன்னும் நஷ்டம். பங்குச் சந்தை நிதியில் போட்டால் நீண்ட காலத்தில் தாண்டலாம், தாண்டாமலும் போகலாம், 9.25 சதவீதக் கடனை அடைப்பது மட்டும் நிச்சயமான 9.25 சதவீத லாபம். நம் தம்பதி எதிலும் போடவில்லை. 5,679 ரூபாய் மிச்சமாகிறது என்பதே அவர்களுக்குத் தெரியாது. தெரியாத மிச்சத்தை யாரும் முதலீடு செய்வதில்லை. அது குடும்பச் செலவில் கலந்துவிட்டது. காலநீட்டிப்பின் உண்மையான விலை இங்கேதான் இருக்கிறது என்பது என் கருத்து.

ரிசர்வ் வங்கி தலையிட்டது

இந்த மாதிரி நீட்டிப்புகள் நாடு முழுக்க நடந்தன. 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. இஎம்ஐ வகைக் கடன்களில் வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்ற தேர்வைக் கடன் வாங்கியவருக்குக் கொடுக்க வேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பும் தர வேண்டும் என்று அப்போது சொன்னது (2025 அக்டோபர் முதல் இது கட்டாயமில்லை). எப்போது வேண்டுமானாலும் பகுதியாகவோ முழுதாகவோ அடைக்க விட வேண்டும். காலத்தை நீட்டுவதால் தவணை மாத வட்டியைக்கூட ஈடுகட்டாத நிலை வரக் கூடாது. காலாண்டுக்கு ஒரு ஸ்டேட்மென்ட் தர வேண்டும்: இதுவரை போன அசல், போன வட்டி, இஎம்ஐ, மீதித் தவணைகளின் எண்ணிக்கை, ஆண்டு விகிதம். பழைய கடன்களுக்கும் 2023 டிசம்பர் 31-க்குள் இதைச் செய்ய வேண்டும்.

நம் கதையில் விஷயம் வெளிச்சத்துக்கு வந்தது அந்த ஸ்டேட்மென்ட்டால்தான். 2024 ஜனவரி. மனைவி திறந்து பார்க்கிறார். மீதித் தவணைகள்: 327. "என்னங்க, நாம 20 வருஷத்துக்குத்தானே வாங்கினோம்?" கணவர் பழைய சேங்ஷன் கடிதத்தைத் தேடி எடுக்கிறார். அதிலும் ஒரு வரி இருக்கிறது, விகித மாற்றத்தால் தவணைக்காலம் மாறலாம் என்று. கையெழுத்தும் இருக்கிறது.

கடைசி ஒன்பது மாதத்தில் கட்டியது 3 லட்சத்து 61 ஆயிரம். அசல் குறைந்தது 28 ஆயிரம். நிலுவை 47 லட்சத்து 80 ஆயிரம். 2041 ஏப்ரலிலேயே முடிக்க வேண்டுமானால் இப்போது இஎம்ஐ 46,293 ஆக வேண்டும். 2023 ஏப்ரலிலேயே செய்திருந்தால் 45,783. கவனிக்காத ஒன்பது மாதத்தின் விலை, அடுத்த 207 மாதத்துக்கு மாதம் 510 ரூபாய். பெரிய தொகை இல்லை. இதே கவனிக்காமை ஒன்பது வருடமாக நீண்டிருந்தால் கதை வேறு.

எழுத்தில் கேட்டார்கள், வங்கி மாற்றிக் கொடுத்தது.

மாதம் 46 ஆயிரம் முடியாதவர்கள்

எல்லோராலும் 20 சதவீதம் கூடுதலாகக் கட்ட முடியாது. முடியாதவர்களுக்கு இன்னொரு வழி இருக்கிறது. இந்தக் கணக்கு முழுவதிலும் என்னை அதிகம் ஆச்சரியப்படுத்தியதும் இதுதான்.

2023 ஏப்ரலில் வங்கி சொன்ன அதே 40,104-ல் ஆரம்பியுங்கள். ஒவ்வொரு வருடமும் தவணையை 5 சதவீதம் மட்டும் ஏற்றுங்கள். அடுத்த வருடம் 42,109, அதற்கடுத்து 44,215, இப்படியே. 336 மாதம் என்று போட்ட கடன் 164 மாதத்தில், 13 வருடம் 8 மாதத்தில் முடிந்துவிடுகிறது. ஆரம்பம் முதல் கட்டிய மொத்த வட்டி 50 லட்சத்துக்குச் சற்றுக் கீழே. முதல் வழியின் 58 லட்சத்தை விடக் குறைவு! முதல் மூன்று வருடம் அந்த வழியை விடக் குறைவான தவணை கட்டியும்கூட. கடைசி வருடங்களில் தவணை 70 ஆயிரத்தைத் தாண்டும், உண்மைதான். ஆனால் சம்பளமும் வருடம் 5 சதவீதம் ஏறியிருந்தால் சம்பளத்தில் தவணையின் பங்கு அன்று இருந்ததேதான். தவணையை வருடா வருடம் மாற்ற வங்கி இழுத்தடித்தால், வித்தியாசத்தைச் சேர்த்து வைத்து வருடம் ஒருமுறை அசலில் கட்டினாலும் கிட்டத்தட்ட அதே பலன். மிதக்கும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைப்பதற்குத் தனிநபர்களிடம் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்பது 2012 முதலே இருக்கும் விதி. நிலையான வட்டிக் கடனுக்கு நிலைமை வேறு. ஒப்பந்தத்தைப் பார்க்க வேண்டும்.

மொத்தமாகக் கட்டுவதற்கும் நேரம் முக்கியம். 45,783 கட்டும் வழியில் 2023 ஏப்ரலில் 2 லட்ச ரூபாயை அசலில் போட்டு, தவணையைக் குறைக்காமல் விட்டால் 21 தவணை குறைகிறது. 9 லட்சத்து 71 ஆயிரம் ரூபாய் கட்ட வேண்டியதில்லை. அதே 2 லட்சத்தை ஐந்து வருடம் மட்டும் மீதியிருக்கும்போது போட்டால் குறைவது ஏழு தவணைகூட இல்லை. சுமார் 3 லட்சத்து 10 ஆயிரம். போனஸ் வந்தால் காலத்தைக் குறைப்பதா, தவணையைக் குறைப்பதா என்று கிளையில் கேட்பார்கள். வாயால் சொல்லிவிட்டு வராமல் படிவத்தில் 'காலத்தைக் குறைக்கவும்' என்று எழுதிக் கொடுப்பது நல்லது.

வரிச் சலுகை என்ற சமாதானம்

"எப்படியும் வரி மிச்சமாகுதே" என்பது கடனை நீட்டிக்கொள்பவர்கள் அடிக்கடி சொல்வது. பழைய வரித் திட்டத்தில், குடியிருக்கும் வீட்டுக்கான வட்டியில் வருடத்துக்கு 2 லட்சம் வரை கழிக்கலாம். 45,783 தவணையில் முதல் வருட வட்டி 4 லட்சத்து 40 ஆயிரம். ஒருவர் பெயரில் மட்டும் கழித்தால் 30 சதவீத வரம்பில் இருப்பவருக்குச் செஸ்ஸும் சேர்த்து மிச்சம் 62,400 ரூபாய். 62 ஆயிரம் மிச்சத்துக்கு 4 லட்சத்து 40 ஆயிரம் செலவு. வீடும் கடனும் இருவர் பெயரிலும் இருந்தால் இருவரும் தனித்தனியே கழிக்கலாம். அது உருப்படியான உதவி. புதிய வரித் திட்டத்தில் குடியிருக்கும் வீட்டுக்கு இந்தக் கழிவே கிடையாது. 2023-24 நிதியாண்டு முதல் புதிய திட்டம்தான் தானாகப் பொருந்துவது. எனவே இந்தச் சமாதானம் இன்று பலருக்கு அடியோடு இல்லை.

வட்டி இறங்கியபோது

2025 பிப்ரவரியில் ரெப்போ 6.25 ஆனது, ஏப்ரலில் 6.00, ஜூனில் 5.50. தம்பதியின் விகிதம் ஏப்ரல் சரிபார்ப்பில் 9.00, ஜூலையில் 8.25. ஏறும்போது தவணையைத் தொடாமல் விட்ட வங்கிகள் இறங்கும்போதும் அதையே செய்வதுண்டு. சிலர் தவணையைக் குறைத்துத் தருவார்கள். இவர்கள் 46,293-ஐக் குறைக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். 2025 ஜூலை 1 அன்று நிலுவை 45 லட்சத்து 96 ஆயிரம். 8.25 சதவீதம் அப்படியே நின்றால் மீதி 168 தவணை. 2039 ஜூலையில் முடியும், பழைய திட்டத்துக்கு 21 மாதம் முன்னதாக.

இதே நேரத்தில் புதிதாக வருகிறவர்களுக்கு வங்கிகள் குறைந்த ஸ்ப்ரெட்டில் கடன் கொடுக்கின்றன. பழைய வாடிக்கையாளரின் ஸ்ப்ரெட் தானாக இறங்குவதில்லை. கேட்க வேண்டும், தராவிட்டால் வேறு வங்கிக்கு மாற்றுவதாகச் சொல்ல வேண்டும். 8.25-ஐ 7.75 ஆக்கி, தவணையை அப்படியே வைத்தால் இந்தக் கடனில் எட்டு தவணை குறைகிறது. சுமார் 3 லட்சத்து 80 ஆயிரம் ரூபாய். வங்கி மாற்றினால் புதிதாக பிராசஸிங் கட்டணம், வழக்கறிஞர் கருத்து, எம்ஓடி பதிவு எல்லாம் மறுபடி வரும், அதைக் கழித்துப் பார்க்க வேண்டும். மாற்றும்போது ஒரு பொறி உண்டு. புது வங்கி மறுபடி 20 வருடம் என்று போட்டுத் தரும், தவணை குறைந்து இனிப்பாக இருக்கும். மீதி எத்தனை மாதமோ அதையே எழுதச் சொல்ல வேண்டும்.

2024 அக்டோபர் முதல் புதிதாகச் சில்லறைக் கடன் வாங்குபவர்களுக்கு, எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த ஆண்டுச் சதவீத விகிதத்தோடு ஒரு முக்கிய விவரத் தாளைக் கடன் தருபவர் கொடுக்க வேண்டும். கடன் வழியாகப் போகும் காப்பீட்டுப் பிரீமியம் போன்றவை அதில் தெரிந்துவிடும். முத்திரைத் தீர்வையும் நகைக்கடனும் தெரியாது. அவற்றை நாமேதான் பக்கத்தில் எழுதிக்கொள்ள வேண்டும்.

கடன் அடைந்த பிறகும் ஒரு வேலை மீதி இருக்கிறது. முழுக்கக் கட்டி முடித்த 30 நாளுக்குள் மூலப்பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். வங்கியால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்று 2023 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி சொல்லியிருக்கிறது. பத்திரம் கைக்கு வந்ததும் பலர் வேலை முடிந்தது என்று விட்டுவிடுகிறார்கள். எம்ஓடியை ரத்து செய்யும் ரசீதைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். பதியாவிட்டால் வில்லங்கச் சான்றில் அந்தக் கடன் இருந்துகொண்டே இருக்கும். பதிந்த பிறகு ஒரு புதிய வில்லங்கச் சான்று எடுத்துப் பார்த்து, அடமானம் நீங்கியிருப்பதை உறுதி செய்துகொண்டு, பத்திரத்தோடு சேர்த்து வைத்துக்கொள்ளலாம்.